எட்டு வாரம் எந்த நாளிலிருந்து? நீதிமன்ற உத்தரவும் அவமதிப்பு வழக்கும்

அரசு அலுவலகம் செய்ததையோ செய்யாததையோ எதிர்த்துப் போடும் ரிட் மனுவில் சென்னை உயர்நீதிமன்ற உத்தரவு கையில் கிடைத்தால் முதலில் படிக்க வேண்டியது அதன் கடைசிப் பத்தி. "மனுதாரரின் கோரிக்கையைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும்" என்கிற மாதிரி ஒரு வாக்கியம் அங்கே இருக்கும். தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம் பட்டா, வண்டிப்பாதை, ஏரி ஆக்கிரமிப்பு, ஓய்வூதியம் என்று எதற்காக ரிட் போட்டு வந்தவரானாலும் கையில் இருப்பது பெரும்பாலும் இந்த வாக்கியத்தின் ஏதோ ஒரு வடிவம்தான். ஒன்பதாவது வாரம் பிறந்ததும் "கன்டெம்ப்ட் (அவமதிப்பு வழக்கு) போட்டுடலாமா சார்?" என்று வக்கீல் ஆபீசுக்கு வருகிறார்கள். போடலாமா, போட்டால் நிற்குமா என்பதெல்லாம் அந்த ஒரு வாக்கியத்திலும், உத்தரவு நகல் அலுவலகத்துக்குப் போய்ச் சேர்ந்த தேதியிலும் முன்கூட்டியே தீர்மானமாகிவிட்டிருக்கும்.

பேச்சுக்கு ஒரு வழக்கை வைத்துக்கொள்வோம். காவேரிப்பட்டணம் பக்கம் ஒரு மாந்தோப்பு. 1980களில் நடந்த யூ.டி.ஆர். (நில உடைமைப் பதிவுகளைப் புதுப்பிக்கும் திட்டம்) பதிவில் உட்பிரிவு பிழையாக ஏறி, தோப்பில் ஒரு துண்டு பக்கத்து நிலத்துக்காரர் பட்டாவில் போய் உட்கார்ந்துவிட்டது. திருத்தக் கேட்டு மாவட்ட வருவாய் அலுவலருக்கு மனு கொடுத்து இரண்டு வருடம் ஆகியும் பதில் இல்லை. ரிட் போட்டு, ஜனவரி 10ஆம் தேதி மேலே சொன்ன எட்டு வார உத்தரவு கிடைத்தது. தோப்புக்காரர் நகல் வாங்கி, பிப்ரவரி 20 அன்று கிருஷ்ணகிரி கலெக்டர் ஆபீசில் கொடுக்கிறார். எட்டு வாரம் ஜனவரி 10இலிருந்து ஓடாது. பிப்ரவரி 20இலிருந்து ஓடும். லீப் வருடம் இல்லையென்றால் ஏப்ரல் 17இல் முடியும். ஏப்ரல் 18 அன்றுதான் அவமதிப்பு என்ற பேச்சே எழுகிறது. அன்றிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனுத் தாக்கலாக வேண்டும். 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 20ஆம் பிரிவு போட்ட கெடு அது. மனு அந்தக் கெடுவுக்குள் தாக்கலானால் போதும், நீதிமன்றம் அதை விசாரணைக்கு எடுத்த நாள் முக்கியமில்லை என்று பல்லவ் ஷெத் வழக்கில் 2001இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்திவிட்டது.

இந்த ஒரு வருடத்தைத் தொலைப்பவர்கள் ஏராளம். காரணம் பெரும்பாலும் மரியாதைதான்: "ஆபீசர் செஞ்சு தர்றேன்னு சொல்லியிருக்கார், இப்போ போய் கேஸ் போட்டா கோவிச்சுக்குவார்." நினைவூட்டுக் கடிதம் மூன்று, நான்கு என்று போய்க்கொண்டே இருக்கும். எத்தனை நினைவூட்டு அனுப்பினாலும் கெடு ஒரு நாள்கூட நீளாது. "இன்னும் செய்யவில்லை, ஆகவே இது தொடர்ந்து நடக்கிற தவறு, தினமும் புதுக் கெடு பிறக்கிறது" என்ற வாதமும் எல்லா இடத்திலும் எடுபடாது. நிலத்தின் சுவாதீனத்தைக் கொடுக்காமல் இருப்பதைத் தொடர் தவறு என்று 1989இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது உண்டு. ஆனால், ஒரு தேதிக்குள் ஒரு காரியத்தைச் செய் என்று சொன்ன உத்தரவில் அந்தத் தேதியோடு மீறல் முழுமையாகிவிடுகிறது. அதன் விளைவு நீடிப்பது வேறு, தவறு தொடர்வது வேறு. 2024இல் திருப்பதி ராவ் எதிர் லிங்கமையா வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த வேறுபாட்டைக் கறாராகப் பிடித்தது.

இனி அந்தப் பிப்ரவரி 20. அன்று நகல் கொடுத்ததற்கு என்ன சாட்சி? நேரில் போய் அதிகாரியின் மேஜையில் வைத்துக் கும்பிட்டுவிட்டு வந்தால் சாட்சி கிடையாது. சான்றிட்ட நகலோடு ஒரு பக்கக் கடிதம் இரண்டு பிரதி. கடிதத்தில் வழக்கு எண், உத்தரவு தேதி, கெடு, உத்தரவில் என்ன செய்யச் சொல்லியிருக்கிறது என்ற வரி அப்படியே. தபால் பிரிவில் ஒரு பிரதியைக் கொடுத்து, மற்றதில் தேதியோடு ரப்பர் ஸ்டாம்பும் சுருக்கொப்பமும் வாங்க வேண்டும். சீலில் தேதிச் சக்கரம் திருப்பாமல் முந்தின நாளிலேயே நின்றிருக்கும். சில சமயம் மாதமே தெரியாது. பார்த்துவிட்டு, பேனாவால் தேதி போடச் சொல்லிக் கேட்பதில் தப்பில்லை. சீல் தர மறுத்தால் அன்றைக்கே அஞ்சலில் அனுப்பலாம். 2025இல் உள்நாட்டுப் பதிவுத் தபால் ஸ்பீடு போஸ்ட்டோடு இணைந்துவிட்டது. கவுன்டரில் சேர்ப்பு ஒப்புகையும் வேண்டும் என்று தனியாகக் கேட்க வேண்டும். இணையத்தில் சேர்ப்பு விவரம் சில காலம்தான் இருக்கும், உடனே பிரதி எடுத்துக் கோப்பில் வைத்துவிடுங்கள். எதிர்மனுதாரர் மூன்று பேர் என்றால் மூன்று பேருக்கும் தனித்தனியே அனுப்ப வேண்டும். கலெக்டருக்குக் கொடுத்ததைத் தாசில்தாருக்குக் கொடுத்ததாகச் சொல்ல முடியாது.

இவ்வளவு மெனக்கெடல் எதற்கு என்றால், சட்டம் தண்டிப்பது தாமதத்தை இல்லை. 2(பி) பிரிவு சொல்லும் உரிமையியல் அவமதிப்பு என்பது, நீதிமன்றத்தின் தீர்ப்பு, டிகிரி (சிவில் வழக்கின் தீர்ப்பாணை), உத்தரவு, ரிட் ஆகியவற்றை வேண்டுமென்றே மீறுவது. அல்லது நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது. "வேண்டுமென்றே" என்ற சொல் இல்லாவிட்டால் தமிழ்நாட்டில் பாதி அலுவலகங்கள் காலியாகிவிடும். உத்தரவு தெரியும், செய்ய முடியும், இருந்தும் செய்யவில்லை என்ற மூன்றையும் மனுதாரர் காட்ட வேண்டும். விசாரணை கிட்டத்தட்ட குற்ற வழக்கு மாதிரி என்பதால் சந்தேகத்தின் பலன் எதிர்த்தரப்புக்குப் போகும். தெரியும் என்பதற்குச் சாட்சி அந்த ரப்பர் ஸ்டாம்ப்.

நீதிபதியைத் தூற்றுவது, நடக்கிற விசாரணையில் குறுக்கிடுவது போன்றவை 2(சி) பிரிவின் கீழ் குற்றவியல் அவமதிப்பு. அதைத் தனிநபர் தொடர அட்வகேட் ஜெனரலின் எழுத்துப்பூர்வ ஒப்புதல் வேண்டும். செய்தித்தாளில் பெரிதாக வருவது அந்த வகைதான். நம் மாந்தோப்புக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

உத்தரவின் வாசகத்துக்கு வருவோம். "பரிசீலித்து முடிவெடு" என்று சொன்னால் பரிசீலித்து முடிவெடுத்தாலே போதும். அந்த முடிவு உங்களுக்குச் சாதகமாக இருக்க வேண்டும் என்று உத்தரவு சொல்லவில்லை. தோப்புக்காரருக்கு எட்டாவது வாரமோ எட்டாவது மாதமோ ஒரு கடிதம் வருகிறது: "தங்கள் கோரிக்கை ஏற்க இயலாதது என நிராகரிக்கப்படுகிறது." அவருக்கு இது அப்பட்டமான அவமதிப்பாகத் தெரியும். சட்டத்தின் கண்ணில் உத்தரவு நிறைவேறிவிட்டது. ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இன்றுவரை நிற்கிறது: உத்தரவுக்கு இணங்க ஒரு முடிவு பிறந்துவிட்டால் அது சரியோ தப்போ, அதைப் புது வழக்கில்தான் எதிர்க்க வேண்டும், அவமதிப்பு நீதிமன்றம் அதன் சரி தப்பைப் பார்க்காது. "பரிசீலிக்க" என்று பொத்தாம் பொதுவாக உத்தரவிடுவதால் வரும் குழப்பத்தை 2006இல் ஆந்திரப் போக்குவரத்துக் கழக வழக்கிலும் உச்ச நீதிமன்றம் விரிவாகப் பேசியது. மேலோட்டமாகத் தீங்கில்லாததாகத் தெரியும் இந்த வகை உத்தரவு, செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் கொடுக்கிற வழியாகிவிடுகிறது என்று 2008இல் தமிழ்நாட்டிலிருந்து போன சி. ஜேக்கப் வழக்கில் அதே நீதிமன்றம் எச்சரித்தது. இருந்தும் இந்த வகை உத்தரவுகள் குறையவில்லை. வழக்குச் சீக்கிரம் முடிகிறது, அரசு வக்கீலும் ஆட்சேபிப்பதில்லை, மனுதாரரும் ஜெயித்ததாக நினைத்து ஊருக்குத் திரும்புகிறார். மூன்று தரப்புக்கும் அன்றைக்குத் திருப்தி. ஆகவே கன்டெம்ப்ட்டின் பலம் முதல் ரிட்டில் கேட்கும் நிவாரணத்திலேயே இருக்கிறது. குறைந்தபட்சம் "இரு தரப்பையும் நேரில் விசாரித்து, பழைய அ பதிவேட்டையும் (கிராமத்தின் நிலப் பதிவேடு) நிலஅளவைப் புத்தகத்தையும் ஒப்பிட்டு, காரணங்களோடு எழுத்தில் முடிவெடுக்க" என்று கேட்டு வாங்கியிருந்தால், ஒரு வரி நிராகரிப்பை உத்தரவு மீறல் என்று வாதாட இடம் இருந்திருக்கும்.

வாசகம் தெளிவாக இருந்தால் எப்படி இருக்கும் என்பதற்குத் தர்மபுரி மாவட்டத்திலேயே ஒரு தீர்ப்பு உண்டு. அரூர் பக்கத்து வாச்சாத்தியில் 1992 ஜூன் 20இல் வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆட்கள் பழங்குடி மக்கள் மேல் தொடங்கிய கொடுமைக்கு, 2011 செப்டம்பர் 29இல் தர்மபுரி முதன்மை அமர்வு நீதிமன்றம் தண்டனை கொடுத்தது. சரியாகப் பன்னிரண்டு ஆண்டு கழித்து, 2023 செப்டம்பர் 29இல் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதி பி. வேல்முருகன் அதை உறுதிசெய்தபோது, பாலியல் வன்கொடுமைக்கு ஆளான 18 பெண்களுக்குத் தலா 10 லட்சம் ரூபாய், அதில் பாதி குற்றவாளிகளிடம் வசூலிக்கப்பட வேண்டும் என்று எழுதினார். யார், யாருக்கு, எவ்வளவு, யார் பணத்திலிருந்து என்ற நான்குக்கும் அதில் பதில் இருக்கிறது. அப்படிப்பட்ட வரியைப் "பரிசீலித்தோம்" என்று சொல்லித் தாண்ட முடியாது.

எதிர் உதாரணம் இன்னும் பெரியது. காவிரி தமிழ்நாட்டுக்குள் நுழையும் பிலிகுண்டுலுவில், நம் மாவட்ட எல்லையில்தான், மத்திய நீர் ஆணையம் தண்ணீரை அளக்கிறது. ஆண்டுக்கு 177.25 டி.எம்.சி. அங்கே வந்து சேர வேண்டும் என்று 2018 பிப்ரவரி 16இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்து, அதைச் செயல்படுத்த ஆறு வாரத்துக்குள் ஒரு "ஸ்கீம்" வகுக்கச் சொன்னது. ஸ்கீம் என்றால் மேலாண்மை வாரியமா, வேறு அமைப்பா? மார்ச் கடைசியில் கெடு முடிகிற நேரத்தில் மத்திய அரசு விளக்கம் கேட்டு நீதிமன்றம் போனது. தமிழ்நாடு அவமதிப்பு மனுவோடு போனது. மே 18இல் வரைவுத் திட்டத்துக்கு ஒப்புதல், ஜூன் 1இல் அரசிதழ் அறிவிப்பு. ஆறு வாரம் பதினைந்து வாரமானது. யாரும் தண்டிக்கப்படவில்லை. ஒரு சொல்லில் இரண்டு பொருள் இருந்தால், எதிர்த்தரப்பு தனக்கு வசதியான பொருளில் நிற்கும். அதை வேண்டுமென்றே செய்த மீறல் என்று நிறுவுவது மலையைப் பிளக்கிற வேலை. அவமதிப்பு நீதிமன்றம் மூல உத்தரவின் நான்கு மூலைக்கு வெளியே போய் புதிதாக எதையும் சேர்க்கவும் முடியாது. இதைச் சொன்ன 2014ஆம் ஆண்டின் சுதிர் வாசுதேவா தீர்ப்பு, சென்னை உயர்நீதிமன்ற உத்தரவு ஒன்றின் மேல்முறையீட்டில்தான் வந்தது.

அலுவலகத்துக்குள் என்ன நடக்கிறது என்று தெரிந்தால் எங்கே தட்டுவது என்று தெரியும். மாவட்ட வருவாய் அலுவலருக்கு வந்த நகல் தபாலில் பதிவாகி, சம்பந்தப்பட்ட பிரிவு உதவியாளருக்குப் போகிறது. அவர் குறிப்பு எழுதி, கோட்டாட்சியரிடம் அறிக்கை கேட்கிறார். கோட்டாட்சியர் தாசில்தாரிடம், தாசில்தார் வி.ஏ.ஓ.விடமும் நில அளவரிடமும் கேட்கிறார். அளவரிடம் ஏற்கெனவே வரிசையில் நிற்கும் மனுக்கள் இருக்கும். அளந்த பிறகு அதே படிக்கட்டில் அறிக்கை மேலே ஏற வேண்டும். ஒவ்வொரு படியிலும் பத்து நாள் என்றாலும் எட்டு வாரம் போய்விடும். அதோடு கிருஷ்ணகிரிக்கே உரிய ஒரு சிக்கல்: இந்த மாவட்டம் தர்மபுரியிலிருந்து பிரிந்தது 2004 பிப்ரவரி 9. அதற்கு முந்தைய கோப்பு வேண்டுமென்றால் தர்மபுரி பதிவறைக்கும் எழுதிக் கேட்க வேண்டியிருக்கலாம். ஆகவே நகல் கொடுக்கும்போதே அ பதிவேட்டுப் பிரதி, நிலஅளவைப் புத்தக வரைபடம், மூலப் பத்திரம், பழைய கோப்பு எண் எல்லாவற்றையும் இணைத்துக் கொடுத்துவிட்டால், "ஆவணம் கிடைக்கவில்லை" என்ற பதிலுக்கு வாய்ப்புக் குறையும். கோட்டாட்சியருக்கும் தாசில்தாருக்கும், அவர்கள் வழக்கில் இல்லாவிட்டாலும், தகவலுக்கு ஒரு நகல் போகட்டும்.

இன்னொரு தாமதம் மேல்முறையீடு பற்றிய யோசனை. உத்தரவு பாதகமானது என்று தோன்றினால் கோப்பு அரசு வக்கீலின் கருத்துக்காகச் சென்னைக்குப் போகும். டிவிஷன் பெஞ்சுக்கு (இரு நீதிபதிகள் அமர்வு) ரிட் அப்பீல் போட 30 நாள்தான். நடைமுறையில் அப்பீல் பிறப்பது கன்டெம்ப்ட் நோட்டீஸ் வந்த பிறகு, தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு. அரசு என்பதற்காகத் தாமதத்துக்குத் தனிச் சலுகை கிடையாது என்று 2012இல் லிவிங் மீடியா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகும் இது நடக்கிறது. அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது, தடை உத்தரவு தனியாக வாங்க வேண்டும். ஆனால் தடை மனு நிலுவையில் இருந்தால் அதை முதலில் விசாரிப்பதே முறை என்றும் 1995இல் ஒரு தீர்ப்பு இருப்பதால், கன்டெம்ப்ட் விசாரணை அங்கே மூச்சு வாங்கும்.

ஏரி ஆக்கிரமிப்பு உத்தரவுகளில் தாமதத்துக்கு நியாயமும் சேர்ந்தே இருக்கிறது. "ஆக்கிரமிப்பை அகற்று" என்று உத்தரவு சொன்னாலும், தாசில்தார் மறுநாள் ஜேசிபியோடு போக முடியாது. ஏரியின் எல்லையை அளந்து கல் நட வேண்டும். 1905ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டமானால் 7ஆம் பிரிவில் விளக்கம் கேட்டு நோட்டீஸ், பதிலைப் பரிசீலித்து 6ஆம் பிரிவில் வெளியேற்ற உத்தரவு. பொதுப்பணித்துறை (இப்போது நீர்வளத்துறை) ஏரியானால் 2007ஆம் ஆண்டு ஏரிகள் பாதுகாப்புச் சட்டத்தின் நடைமுறை. பிறகு போலீஸ் பந்தோபஸ்து. இதில் ஒரு படியைத் தாண்டினால் ஆக்கிரமித்தவர் அதையே பிடித்துக்கொண்டு தடை வாங்கிவிடுவார். பிறகு ஒரே ஏரிக்கு இரண்டு உத்தரவு, இரண்டையும் மீறாமல் நடக்க வேண்டிய தாசில்தார். இப்படிப்பட்ட இடத்தில் அதிகாரி செய்ய வேண்டியது ஒன்றே: கெடு முடிவதற்குள், எந்தப் படி எந்தத் தேதியில் முடிந்தது என்ற விவரத்தோடு கால நீட்டிப்பு கேட்டு அதே நீதிமன்றத்தில் மனு. கெடு தாண்டிய பிறகு, அதுவும் நோட்டீஸ் வந்த பிறகு போடும் நீட்டிப்பு மனுவை எந்த நீதிபதியும் அதே கண்ணால் பார்ப்பதில்லை.

மனுவுக்கு வருவோம். இரண்டு மாவட்டமும் சென்னை முதன்மை அமர்வின் கீழ். மதுரைக் கிளைக்கு இங்கிருந்து எதுவும் போகாது. தனி நீதிபதி உத்தரவை டிவிஷன் பெஞ்ச் மாற்றியிருந்தால், மீறப்பட்டது எந்த உத்தரவு என்பதைச் சரியாகக் காட்ட வேண்டும். மாற்றப்பட்ட பழைய உத்தரவைப் பிடித்துக்கொண்டு போனால் மனு விழுந்துவிடும். அடுத்தது பெயர். அவமதிப்பு ஆளைப் பிடிக்கும், நாற்காலியைப் பிடிக்காது. "மாவட்ட வருவாய் அலுவலர், கிருஷ்ணகிரி" என்று பதவியை மட்டும் எழுதினால் போதாது, பெயர் வேண்டும். பிப்ரவரி 20இல் இருந்தவர் மார்ச்சில் மாறுதலாகி, கெடு முடிந்த அன்று வேறொருவர் இருந்திருப்பார். இரண்டு பேரில் யாருக்கு உத்தரவு தெரிந்திருந்தது, யார் கையில் கெடு முடிந்தது என்று பார்த்துச் சேர்க்க வேண்டும். யார் எந்தத் தேதி வரை பொறுப்பில் இருந்தார் என்பதைத் தகவல் உரிமை மனுவில் கேட்டு வாங்கலாம். புதிதாக வந்தவருக்கு நகலோடு ஒரு கடிதம் மறுபடி கொடுத்துச் சீல் வாங்கியிருந்தால் "எனக்குத் தெரியாது" என்ற பதில் அங்கேயே அடைபடும்.

மனுவோடு போகும் பிரமாணப் பத்திரத்தில் கோபத்துக்கு இடமில்லை. உத்தரவின் வரி, நகல் சேர்ந்த தேதி, கெடு முடிந்த தேதி, இன்றுவரை செய்யாமல் இருப்பது எது. இந்த நான்கும் போதும். முதல் விசாரணையில் அரசு வக்கீல் "அறிவுறுத்தல் பெற" அவகாசம் கேட்பார். பல வழக்குகள் இந்த இடைவெளியிலேயே முடிந்துவிடும். இரண்டு வருடம் அசையாத கோப்பு விசாரணைக்கு முந்தின நாள் மாலை கையெழுத்தாகும். அசையாவிட்டால் ஸ்டாட்யூட்டரி நோட்டீஸ் (அவமதிப்பு விசாரணைக்கான முறையான அழைப்பு), அதில் நேரில் ஆஜராகச் சொல்லும் தேதி. அதிகாரிகளை நேரில் கூப்பிடுவது பற்றி 2024 ஜனவரி 3இல் உச்ச நீதிமன்றம் நடைமுறை வகுத்திருக்கிறது: எடுத்த எடுப்பில் அழைக்கக்கூடாது, அழைத்தால் முதலில் காணொலி வழி, உடையைப் பற்றி விமர்சிக்கக்கூடாது. கலெக்டர் கைகட்டி நிற்பதைப் பார்க்க ஆசைப்பட்டு மனுப் போடுகிறவர்கள் இதைத் தெரிந்துகொள்வது நல்லது.

தண்டனை? ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் அபராதம் போதும் என்றால் அபராதத்தோடு நிறுத்த வேண்டும். அந்த 2,000 ரூபாய் 1971இலிருந்து ஏறவே இல்லை. தகவல் தர மறுத்த அலுவலருக்குத் தகவல் ஆணையம் நாளொன்றுக்கு 250 வீதம் 25,000 ரூபாய் வரை போட முடிகிற நாட்டில், உயர்நீதிமன்ற உத்தரவை மீறுவது மலிவு. சிறை அபூர்வம், ஆனால் இல்லாமல் இல்லை: வனப் பாதுகாப்பு உத்தரவை மீறியதற்காக 2006இல் மகாராஷ்டிர அமைச்சர் ஒருவரையும் அதிகாரி ஒருவரையும் உச்ச நீதிமன்றம் ஒரு மாதம் உள்ளே அனுப்பியது. மன்னிப்புக் கேட்டால் தண்டனையைத் தள்ளுபடி செய்யலாம். நிபந்தனையோடு கேட்டது என்பதற்காக மட்டும் மனதாரக் கேட்ட மன்னிப்பை நிராகரிக்கக்கூடாது என்று சட்டத்திலேயே விளக்கம் உண்டு. உத்தரவை நிறைவேற்றாமல் மன்னிப்பு மட்டும் கேட்டு வந்தால் எதிர்க்க வேண்டியது மனுதாரர் வக்கீலின் வேலை. தண்டனை பெற்றவருக்கு 19ஆம் பிரிவில் அப்பீல் உரிமை இருக்கிறது. மனு தள்ளுபடியானவருக்கு அந்தப் பிரிவில் இல்லை, அவர் உச்ச நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதிக்குத்தான் போக வேண்டும்.

இதுவரை சொன்னது உயர்நீதிமன்ற உத்தரவுக்கு. பாலக்கோடு, பென்னாகரம், ஒசூர் என்று உள்ளூர் சிவில் நீதிமன்றம் கொடுத்த தடையாணையைப் பக்கத்து நிலத்துக்காரர் மீறி வேலியைப் பிடுங்கினால் நேரே சென்னைக்கு ஓடக்கூடாது. அவமதிப்புச் சட்டம் 10ஆம் பிரிவில் உயர்நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரம் இருந்தாலும், உள்ளூரிலேயே வழி இருக்கும்போது அங்கே அனுப்பிவைப்பார்கள். இடைக்காலத் தடையானால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39 விதி 2ஏ: சொத்து ஜப்தி, மூன்று மாதம் வரை சிவில் சிறை. இறுதி டிகிரியானால் கட்டளை 21 விதி 32இல் நிறைவேற்று மனு. வேலி பிடுங்கிய அன்றே தேதி தெரியும் போட்டோ, வி.ஏ.ஓ. சான்று, காவல் நிலைய மனு ரசீது இவை இருந்தால் வழக்கு நகரும். சிவில் சிறைக்கு ஆளை அனுப்பினால் அவர் சாப்பாட்டுப் பேட்டாவை மனுப் போட்டவர்தான் கட்ட வேண்டும் என்பது பலருக்கும் வாரண்ட் கையில் வரும்போதுதான் தெரியவரும்.

பணம் என்றால் பாதையே வேறு. நெடுஞ்சாலைக்கோ தொழிற்பேட்டைக்கோ நிலம் கொடுத்து, கூடுதல் இழப்பீடு கேட்டு ஜெயித்தவர்கள் கிருஷ்ணகிரியில் நிறைய. தொகை வராவிட்டால் அவமதிப்பு மனு வேலைக்கு ஆகாது; டிகிரி பணத்தை வசூலிக்க கன்டெம்ப்ட்டைப் பயன்படுத்தக்கூடாது என்று ஆர்.என். டே வழக்கில், அதுவும் நிலஎடுப்பு இழப்பீடு பற்றியே, 2000இல் சொல்லியாகிவிட்டது. நிறைவேற்று மனுதான் வழி. அரசுக்கு எதிரான டிகிரியானால் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 82ஆம் பிரிவின்படி மூன்று மாதம் பொறுத்து. பழைய நிலஎடுப்புச் சட்டத்தில் நீதிமன்றம் கூட்டிக்கொடுத்த இழப்பீட்டுக்குச் சுவாதீனம் எடுத்த நாளிலிருந்து முதல் வருடம் 9 சதவீதம், பிறகு 15 சதவீதம் வட்டி. கூடுதல் தொகை 10 லட்சம் என்று வையுங்கள்: ஐந்து வருடத்தில் வட்டி 90,000 கூட்டல் 6 லட்சம், மொத்தம் 6,90,000. முதல் வருடத்துக்குப் பிறகு கோப்பு தூங்கும் ஒவ்வொரு மாதமும் கருவூலத்துக்கு 12,500 ரூபாய் செலவு. இந்தக் கணக்கை ஒரு தாளில் போட்டு நோட்டீசோடு இணைத்தால் நிதி ஒதுக்கீடு கேட்கும் உதவியாளருக்கே அது உதவும்.

அப்போதும் வராவிட்டால் அமீனா (ஜப்தி வாரண்டை நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியர்) வருவார். விபத்து இழப்பீட்டு வழக்குகளில் இது எல்லோரும் பார்த்த காட்சி: பஸ் ஸ்டாண்டில் அரசுப் பேருந்து கிளம்பத் தயாராக நிற்கும், அமீனா ஏறி டிரைவரிடம் வாரண்டைக் காட்டி, முன் கண்ணாடியில் நோட்டீஸ் ஒட்டுவார், பயணிகள் முணுமுணுத்துக்கொண்டே அடுத்த வண்டிக்கு இறங்குவார்கள், வண்டி கோர்ட் வளாகத்துக்குப் போய் வேப்பமர நிழலில் நிற்கும். வண்டி எண் வாரண்டில் சரியாக இருக்க வேண்டும், அது வேறு வழக்கில் ஏற்கெனவே ஜப்தியாகியிருக்கக்கூடாது, அன்றைக்கு அந்த ரூட்டில் அதே வண்டி ஓட வேண்டும். முந்தின நாள் டிப்போவில் விசாரித்து வைக்காமல் அமீனாவைக் கூட்டிப் போனால், வேறு எண் வண்டியைப் பார்த்துவிட்டு வெறுங்கையோடு திரும்ப வேண்டியதுதான். அவர் வந்துபோன பேட்டா மட்டும் திரும்பி வராது.